இருட்டில் இருந்த கனகர் ஐயா

வீடியோத் தொகுப்பு மேசைக்குப் புதிதாக வந்திருக்கும் தம்பி, தங்கையருக்கு,

இப்படியொரு கட்டுரையை ஓய்வுபெற்ற ஒருவர்தான் எழுதவேண்டும். எனக்கு வயது முப்பத்திரண்டுதான். ஆனாலும் வெள்ளவத்தையில் ஒரு வீடியோக் கடையில் ஒன்பது வருடம் ஒரே கதிரையில் இருந்துவிட்டு எழும்பியவன் என்பதால், உங்கள் ஆசிரியர் என்னிடம் கேட்டார். எந்தப் பொத்தானை எப்போது அழுத்துவது என்று நான் சொல்லப்போவதில்லை. அது உங்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். நான் அழுத்திய ஒரு பொத்தானால் ஒரு மனிதர் காணாமற்போன கதையைச் சொல்கிறேன். பயப்படவேண்டாம். அவர் திரும்பக் கிடைத்துவிட்டார்.

நான் கொட்டாஞ்சேனைப் பெடியன். அப்பா துறைமுகத்தில் மூட்டை சுமந்தவர். எந்தக் கடுதாசி வந்தாலும் பெருவிரலை மையில் தோய்த்து வைப்பார். எங்கள் வீட்டில் ஓ.எல். பரீட்சை வரை படித்து முடித்த முதல் ஆள் நான். அதனாலோ என்னவோ, எழுத்தில் இருப்பதெல்லாம் உண்மை என்று எனக்கொரு நம்பிக்கை. கடையில் கணினி வாங்கியபோது கூடவந்த கையேட்டை அகராதி வைத்துக்கொண்டு முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம்வரை வாசித்தேன். திரையில் 'முடிந்தது, பிழை இல்லை' என்று வந்தால், பிழை இல்லைதான். அதற்குமேல் பார்க்க என்ன இருக்கிறது?

கடை, காலி வீதியிலிருந்து கடற்கரைக்கு இறங்கும் ஒரு ஒழுங்கையில், சேலைக் கடைக்கு மேல்மாடியில் இருந்தது. ரயில் போகும்போதெல்லாம் மேசை நடுங்கும். யாழ்ப்பாணப் பாதை பூட்டியிருந்த காலம். கலியாணத்துக்கு வரமுடியாத உறவுகள் பாதிப்பேர் வடக்கில், மீதிப்பேர் வெளிநாட்டில். எல்லாருக்கும் வீசீடி போகும். "எல்லாத்தையும் ஒரு டிஸ்க்கிலயே போடுங்கோ தம்பி" என்று வருபவர்கள் கேட்பார்கள். எண்பது நிமிடம் பிடிக்கும் வட்டில் இரண்டு மணித்தியாலத்தை அமுக்குவது என் திறமை என்று பெயர் வாங்கியிருந்தேன்.

அமுக்கும்போது எதையாவது விடத்தானே வேண்டும்? கணினி முதலில் விடுவது இருட்டை. வெளிச்சமில்லாமல், அசைவில்லாமல் ஒரு மூலை இருந்தால், அங்கே ஒன்றுமில்லை என்று முடிவுசெய்து கறுப்புச் சதுரங்களைப் போட்டு நிரப்பிவிடும். கலியாணத்தில் இது ஒருவரையும் பாதிக்காது. அங்கே எங்கே இருட்டு? அதோடு எங்கள் முதலாளி அண்ணைக்கு ஒரே விதி. "சனத்தின்ர முகம் வெள்ளையா இருக்கோணும், தலைமயிர் கறுப்பா இருக்கோணும். மிச்சமெல்லாம் பிறகு." ஆகவே கறுப்பை இன்னும் கறுப்பாக்கும் பொத்தானை நான் எல்லாவற்றுக்கும் ஒரு தரம் அழுத்திவிடுவேன். சோற்றுக்கு உப்புப் போடுவதுபோல.

கடையின் இன்னொரு வழக்கத்தையும் சொல்லவேண்டும். கமராக் கசெற்றுகளை ஒரு பிஸ்கட் தகரப் பேணியில் வைத்திருந்தோம். லேபிள் ஒட்டியிருந்தால் தொடக்கூடாது. வேலை முடிந்து வட்டில் ஏற்றியபின் லேபிளைக் கிழித்துவிடுவோம். லேபிள் இல்லாத கசெற் அடுத்த கலியாணத்துக்கு.

வசந்தி மிஸ் எங்கள் கடைக்கு வந்தது இந்த நாட்களில்தான். பக்கத்து ஒழுங்கையில் ஏ.எல். வகுப்புப் பிள்ளைகளுக்கு இரசாயனவியல் ரியூசன் சொல்லிக்கொடுப்பவர். சொந்த ஊர் பருத்தித்துறைப் பக்கம். பதினான்கு நிமிடத்தில் ஒரு படம் எடுத்திருந்தார். மட்டக்களப்பிலிருந்து வந்திருந்த அவருடைய மச்சான் ஒருவரின் கமராவில் பிடித்தது. மச்சான் கமராவையும் பிடித்த கசெற்றுகளையும் எடுத்துக்கொண்டு ஊருக்குப் போனபின், தொகுத்து முடித்த படம் எங்கள் கடைக் கசெற் ஒன்றில் மட்டும் இருந்தது.

படத்தில் நடித்தவர் கனகர் ஐயா. உண்மையிலேயே வெள்ளவத்தை லொட்ஜ் ஒன்றில் ஒன்றரை வருடமாகக் கனடா விசாவுக்காகக் காத்திருந்தவர். ஓய்வுபெற்ற தபாலதிபர். படத்திலும் லொட்ஜில் இருக்கும் முதியவராகவே வருகிறார். வானொலியில் மரண அறிவித்தல் கேட்காவிட்டால் அவருக்குப் பொழுது விடியாது. ஒரு காலை அறைத்தோழன் அந்த வானொலியை இடையில் நிறுத்திவிடுகிறான். சண்டை. "இனி உன்னோட கதைக்கமாட்டன்" என்று கனகர் ஐயா சத்தியம் செய்கிறார். மாலையில் தோழன் திரும்பி வரும்போது, மின்சாரம் போயிருக்கிறது. படிக்கட்டில் நிற்கும் மனேச்சர், "இண்டைக்குப் பொலிஸ் செக்கிங். ரெண்டு மூண்டு பேரைக் கூட்டிக்கொண்டு போட்டினம்" என்கிறார். தோழன் இரண்டிரண்டு படியாக ஏறி ஓடுகிறான். கதவைத் திறந்து கூப்பிடுகிறான். "அண்ணை! அண்ணை, இருக்கிறியளோ?" பதில் இல்லை.

இதற்குப் பிறகு இருபது விநாடி கமரா அசையாமல் அந்த இருட்டைப் பார்க்கிறது. எங்கள் கண் பழகப் பழக, முதலில் ஒரு வெள்ளைப் பெனியன். பிறகு வானொலியின் அன்ரெனா. பிறகு சுவர்ப் பக்கம் திரும்பிய ஒரு முகம். கனகர் ஐயா கட்டிலில்தான் இருக்கிறார். கோபத்தில் பேசாமல் இருக்கிறார். கடைசி விநாடியில் முகத்தை இன்னும் கொஞ்சம் சுவர்ப் பக்கம் திருப்புகிறார். படம் முடிகிறது.

தொகுக்கும்போது லைட்டை அணைத்துவிட்டு நானும் மிஸ்ஸும் இதைப் பார்த்துச் சிரித்தோம். மிஸ்ஸுக்குக் கண்ணில் நீரும் வந்தது. ஆட்கள் காணாமற்போன அந்தக் காலத்தில் ஒரு ஆள் அறையில் இருக்கிறார் என்பதே எவ்வளவு பெரிய செய்தி என்று உங்களில் சிலருடைய வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டால் சொல்வார்கள்.

ஒரு சனிக்கிழமை மாலை சின்ன மண்டபம் ஒன்றில் மிஸ்ஸின் படத்தையும் மாணவர்கள் எடுத்த ஐந்து படங்களையும் காட்ட ஏற்பாடு. "இடையில டிஸ்க் மாத்தினால் சனம் எழும்பிப் போயிடும், ஜூட். ஒண்டிலயே போடலாமோ?" என்று மிஸ் கேட்டார். நான் பெருமையோடு, "அதெல்லாம் நான் பாத்துக்கிறேன் மிஸ்" என்றேன். ஆறு படங்களையும் அமுக்கினேன். கடைசிக் காட்சியில் இருட்டுக்குள் புழுதி நெளிவதுபோல ஏதோ தெரிந்தது. பழுது என்று நினைத்துக் கறுப்பை ஒருமுறைக்கு இருமுறை அழுத்தினேன். ரியூப் லைட் எரிய, சின்னத் திரையில் ஓடவிட்டுப் பார்த்தேன். கனகர் ஐயா எங்கே இருக்கிறார் என்று எனக்குத் தெரியும். அதனால் அவர் எனக்குத் தெரிந்தார். பிழை இல்லை என்று கணினியும் சொன்னது. கணினியிலிருந்த கோப்பை அழித்து அடுத்த கலியாணத்துக்கு இடம் எடுத்தேன். லேபிளைக் கிழித்துவிட்டுக் கசெற்றைப் பேணியில் போட்டேன்.

மண்டபத்தில் அறுபது பேரளவில் இருந்தார்கள். கனகர் ஐயா புதுச் சேட்டுப் போட்டு முதல் வரிசையில். வானொலிச் சண்டைக்கு எல்லாரும் விழுந்துவிழுந்து சிரித்தார்கள். பிறகு படிக்கட்டு. கதவு. "அண்ணை, இருக்கிறியளோ?"

திரை முழுக்க வெறும் கறுப்பு. ஓரங்களில் சதுரம் சதுரமாக ஏதோ துடித்தது. பெனியன் இல்லை. அன்ரெனா இல்லை. இருபது விநாடி ஒன்றுமே இல்லை. பெயர்கள் ஓடத் தொடங்கின.

ஒருவரும் கைதட்டவில்லை. மூன்றாவது வரிசையில் ஒரு அம்மா சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு எழுந்து வெளியே போனார். அவருடைய தம்பியைப் பற்றி எட்டு மாதமாகத் தகவல் இல்லை என்று பிறகுதான் அறிந்தேன்.

பக்கத்திலிருந்த மிஸ் மெதுவாகக் கேட்டார். "ஐயா எங்க, ஜூட்?"

கனகர் ஐயா முதல் வரிசையிலிருந்து திரும்பி, "என்ன பிள்ளையள், என்னை வெட்டிப்போட்டியளோ?" என்றார்.

ஞாயிறு காலை ஒன்பது மணிக்குக் கடைக்குத் தொலைபேசி வந்தது. மிஸ்ஸின் குரல் ஒரேயடியாய் ஓடியது. "ஜூட், லொட்ஜுக்குப் பொலிஸ் வந்தது. ஐயாவின்ர ஒன்பதாம் அறையில ஆளைக் கொண்டுபோனதாப் படம் காட்டினதாம் எண்டு ஆரோ சொல்லியிருக்கினம். ஐயாவின்ர பாஸ்போட்டை எடுத்துக்கொண்டு போட்டினம். வியாழக்கிழமை அவருக்குப் பிளைட். மூண்டு மணிக்கு நாங்கள் மூண்டு பேரும் ஒறிஜினலோட வரட்டாம்."

"ஐயா உயிரோட நிக்கிறாரே மிஸ், அத சொல்லலியா?"

"சொன்னனான். அப்ப பொய்ப்படம் எடுத்தனீங்களோ எண்டு கேக்கினம்."

நான் பேணியைத் திறந்தேன். நேற்று வைத்த இடத்தில் கசெற் இல்லை.

"அண்ணே, இதில லேபிள் இல்லாம ஒண்டு…"

முதலாளி அண்ணை தலையை நிமிர்த்தாமல் சொன்னார். "லேபிள் இல்லாததெல்லாம் ரவி காலமை கொண்டுபோட்டான். பம்பலப்பிட்டியில கலியாணம்."

ரவி எங்கள் கமராக்காரர். கலியாணத்தில் கைத்தொலைபேசியை நிறுத்தி வைப்பார், மேளச் சத்தத்தோடு மணிச் சத்தமும் பதியும் என்று. நான் ஒரு புதுக் கசெற்றைப் பையில் போட்டுக்கொண்டு பஸ் ஏறினேன். அந்தப் பத்து நிமிடமும் ஒரே ஒரு கணக்குத்தான். ரவி எத்தனையாவது கசெற்றில் நிற்பார்? படம் பதினான்கு நிமிடம். கனகர் ஐயா இருப்பது கடைசி ஒரு நிமிடத்தில்.

மண்டபத்தில் மாப்பிள்ளை இன்னும் வந்து சேரவில்லை. சோதனைச் சாவடியில் வாகனங்களை நிறுத்தியிருந்தார்களாம். ஐயர் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். வாசலில் ரவி கமராவோடு நின்றார்.

"ரவி அண்ணே, எத்தினையாவது கசெற்?"

"ரெண்டாவது. ஏன், உனக்கும் கலியாணமே?"

"கழட்டுங்க. இப்பவே."

"மாப்பிள்ளை வாசலுக்கு வாற நேரம் கழட்டுறதோ? விசரே உனக்கு?"

வாசலில் கார் வந்து நின்றது. நான் அவரோடு வாதாடவில்லை. கமராவின் சின்னக் கதவை நானே திறந்து கசெற்றை வெளியே எடுத்தேன். கிழித்த லேபிளின் ஒரு மூலை இன்னும் ஒட்டியிருந்தது. அதில் மிஸ்ஸின் பச்சை மை. புதியதை உள்ளே தள்ளினேன். பெண்ணின் தம்பி மாப்பிள்ளையின் காலைக் கழுவும் காட்சியில் முதற்பாதி அந்தக் கலியாண வீடியோவில் இன்றுவரை இல்லை. அந்தக் குடும்பத்தாரிடம் இந்த இடத்தில் மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன்.

"எவ்வளவு எடுத்திருப்பீங்க?"

"ஒன்பது, பத்து நிமிசம். மாப்பிள்ளை வராததால நிப்பாட்டி நிப்பாட்டித்தான் எடுத்தனான்." ரவி என் முகத்தைப் பார்த்துவிட்டு, திட்ட வந்ததை விழுங்கிக்கொண்டார்.

மாப்பிள்ளையை மறித்து வைத்த சாவடிக்கு அன்று நான் மனதுக்குள் நன்றி சொன்னேன். அப்படி நன்றி சொல்லவேண்டி வரும் என்று யார் நினைத்தார்கள்?

மூன்று மணிக்கு, கடையின் பழைய சின்னக் கமராவையும் மஞ்சள் வயரையும் எடுத்துக்கொண்டு பொலிஸ் நிலையத்துக்குப் போனோம். மிஸ் பாடம் எடுக்கப் போவதுபோல நிமிர்ந்து நடந்தார். வாசலில் கனகர் ஐயா, "வியாழக்கிழமை தவறினால் மகள் இன்னொருக்கா ரிக்கற் எடுக்கோணும்" என்றார். ரிக்கற்றைப் பற்றித்தான் அவருக்குக் கவலை என்று நம்ப நானும் மிஸ்ஸும் முயன்றோம்.

இன்ஸ்பெக்டர் நடுத்தர வயதுக்காரர். கோபக்காரராகத் தெரியவில்லை. களைத்தவராகத் தெரிந்தார். துறைமுகப் பக்கம் வளர்ந்ததால் எனக்குச் சிங்களம் தண்ணீர்பட்ட பாடு. நானே பேசினேன். அவர் சொன்னது இதுதான். "அந்த லொட்ஜிலிருந்து யாரையும் கொண்டுபோகவில்லை. கொண்டுபோனதாகப் படத்தில் இருக்கிறது. இது யாருடைய யோசனை?"

"படத்திலும் யாரையும் கொண்டுபோகல்ல சேர். ஆள் அறைக்குள்ளதான் இருக்கிறார். நான் வட்டில் போட்டபோது அவர் மறைஞ்சு போயிட்டார்."

"அது எப்படி மறைவார்?"

"என்ர பிழை சேர். காட்டுறேன்."

கிரிக்கெட் பார்க்கும் தொலைக்காட்சி ஒன்று சுவர்த் தட்டில் இருந்தது. வயரைப் பொருத்தி ஓடவிட்டேன். திரையில் மணப்பெண்ணின் பெரியம்மாமார் மூன்று பேர் உதட்டுக்குச் சாயம் பூசிக்கொண்டிருந்தார்கள். ஒருவர் கமராவைக் கண்டு வெட்கப்பட்டு மற்றவருக்குப் பின்னால் ஒளிந்தார். கான்ஸ்டபிள்மார் சிரித்துவிட்டார்கள். "மல்லி, இதுதானா பயங்கரமான படம்?" என்று தம்பி முறை சொல்லிக் கேட்டார் இன்ஸ்பெக்டர். நானும் சிரிக்கப் பார்த்தேன், வரவில்லை. மேளம், பூமாலை, ஐயர். திடீரென்று வெட்டியதுபோல லொட்ஜின் படிக்கட்டு. மிஸ் மூச்சை உள்ளே இழுத்தது கேட்டது. முடிவு தப்பியிருந்தது.

கதவு திறந்தது. "அண்ணை, இருக்கிறியளோ?"

பிற்பகல் வெயில் யன்னலால் நேரே திரையில் விழுந்துகொண்டிருந்தது. கறுப்புக் கண்ணாடியில் இன்ஸ்பெக்டரின் முகமும் யன்னல் கம்பிகளும்தான் தெரிந்தன. "ஒன்றுமில்லையே" என்றார் அவர்.

தொலைக்காட்சியின் வெளிச்சத்தைக் கூட்டும் திருகி என் கைக்கு எட்டும் தூரத்தில் இருந்தது. கையை நீட்டிவிட்டேன். பாதியில் நிறுத்தினேன். கூட்டினால் ஆள் தெரிவார், உண்மை. ஆனால் நான் ஏதோ வித்தை காட்டி ஆளைக் கொண்டுவந்தேன் என்று அவர் நினைக்கலாம். அதைவிடப் பெரிய சிக்கல் ஒன்றும் இருந்தது. சாம்பல் வெளிச்சத்தில், மூலையில் ஒடுங்கிய கனகர் ஐயா செக்கிங்குக்குப் பயந்து ஒளிந்திருக்கும் ஆள்போலத் தெரிவார். மிஸ்ஸின் படத்தில் அவர் ஒளியவில்லை. கோபித்துக்கொண்டிருந்தார். ஒரு பிழையைத் திருத்தப்போய் இன்னொரு படத்தை உண்டாக்கிவிடுவேன்.

கசெற்றைப் பின்னோக்கி ஓட்டினேன். "சேர், லைட்டை அணைச்சு யன்னலை மூடலாமா?"

கான்ஸ்டபிள்மார் இன்ஸ்பெக்டரைப் பார்த்தார்கள். அந்த வருடங்களில், பொலிஸ் நிலையத்தில், கொட்டாஞ்சேனைத் தமிழ்ப் பெடியன் ஒருவன் லைட்டை அணைக்கச் சொல்கிறான்.

"எதற்கு?"

"கண் பழக இருபது விநாடி வேணும் சேர். படமே அதுக்குத்தான் எடுத்தது."

அவர் மிஸ்ஸைப் பார்த்தார். கனகர் ஐயாவைப் பார்த்தார். பிறகு கான்ஸ்டபிளுக்குத் தலையை அசைத்தார். யன்னல் கதவுகள் ஒவ்வொன்றாகச் சாத்தப்பட்டன. லைட் அணைந்தது.

நாங்கள் எல்லாரும் ஒரே இருட்டில் இருந்தோம். "அண்ணை! அண்ணை, இருக்கிறியளோ?" ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணினேன். ஏழில் பெனியன் வந்தது. பத்தில் அன்ரெனா. எனக்குப் பின்னால் நின்ற இளம் கான்ஸ்டபிள் சத்தமாகச் சொன்னான். "மே இன்னே! இன்னவா, சேர்!" இதோ, இருக்கிறார்! ஒளித்து விளையாடும்போது ஆளைக் கண்டுபிடித்த பிள்ளையின் குரல் அது.

திரையில் கனகர் ஐயா முகத்தை இன்னும் கொஞ்சம் சுவர்ப் பக்கம் திருப்பினார்.

லைட் வந்ததும் இன்ஸ்பெக்டர் நேரே அவரிடம் கேட்டார். நான் தமிழில் சொன்னேன். "உள்ளுக்கு இருந்துகொண்டு ஏன் பதில் சொல்லல்ல எண்டு சேர் கேக்கிறார்."

"மரண அறிவித்தல் கேக்கேக்க ரேடியோவை நூத்தவன். அவனோட எனக்கென்ன கதை?" என்றார் கனகர் ஐயா. படத்தைப் பற்றிப் பேசுவதாகவே தெரியவில்லை.

மொழிபெயர்த்தேன். இன்ஸ்பெக்டர் வாய்விட்டுச் சிரித்தார். "என் அப்பாவும் இப்படித்தான். கோபம் வந்தால் தேத்தண்ணீரையும் தொடமாட்டார்." இலாச்சியைத் திறந்து கடவுச்சீட்டை எடுத்து மேசையில் வைத்தார். படத்தில் ஆள் அறைக்குள் இருப்பதைக் கண்டதாக ஒரு வாக்குமூலம் எழுதி நீட்டினார். அப்பாவின் பெருவிரல் ஞாபகம் வந்தது. வாசித்துவிட்டுத்தான் கையெழுத்து வைப்பேன் என்றேன். அவர் காத்திருந்தார். ஒரு சொல்லும் விடாமல் வாசித்தேன்.

மூவரும் வெளியே வந்தோம். பஸ் தரிப்பில் கனகர் ஐயா கேட்டார். "அந்தச் சாயம் பூசின மனிசியள் ஆர் பிள்ளை? நல்லா நடிச்சிருக்கினம்." மிஸ் சிரிக்கத் தொடங்கியவர், பஸ் வந்து ஏறி, வெள்ளவத்தைச் சந்தையடியில் இறங்கும்வரை நிறுத்தவில்லை.

மட்டக்களப்பிலிருந்து பழைய கசெற்றுகள் வந்தபின் படத்தை முதலிலிருந்து மீண்டும் தொகுத்தோம். ஒரு படத்துக்கு ஒரு வட்டு. மூன்றாவது வரிசை அம்மாவை மிஸ் கூட்டிவந்து எங்கள் மேல்மாடியில் லைட்டை அணைத்துக் காட்டினார். பெனியன் தெரிந்ததும் அந்த அம்மா மூச்சை விட்டார். முடிந்தபின், "நல்லது மிஸ். ஒராளாவது இருக்கட்டும்" என்றார். அன்று அவருக்குத் தேத்தண்ணீர் ஊற்றிக் கொடுத்தேன்.

அதன்பிறகு நான் எந்த வட்டையும் என் கண்ணை மட்டும் நம்பிக் கொடுத்ததில்லை. படத்திலேயே ஆக இருட்டான இடத்தை எடுத்து, அறையை இருட்டாக்கி, கதை தெரியாத ஒருவரை உட்கார வைத்து, "என்ன தெரியுது?" என்று மட்டும் கேட்பேன். கீழே சேலைக் கடையில் வேலைசெய்தவர்கள் எல்லாரும் இப்படி எனக்காக இருட்டைப் பார்த்திருக்கிறார்கள். நீங்களும் அப்படி ஒருவரைத் தேடிக்கொள்ளுங்கள். லேபிளை மட்டும் கிழிக்காதீர்கள்.

கனகர் ஐயா வியாழக்கிழமை கனடாவுக்கு விமானம் ஏறினார். புதிய வட்டை அவருக்குத் தபாலில் அனுப்பினோம். மூன்று கிழமை கழித்துக் கடைத் தொலைபேசி அடித்தது. பின்னால் பேரப்பிள்ளைகளின் கும்மாளம்.

"தம்பி ஜூட்! மகள் பெரிய ரீவியில போட்டுக் காட்டினவள். நான் தெரியேல்லை!"

"ஐயா, அங்க இப்ப பகலா?"

"ஓம், நல்ல வெயில்."

"யன்னல் சீலைய இழுத்து மூடுங்க. லைட்ட அணைங்க. போன வைக்காதீங்க, நான் நிக்கிறேன்."

கொழுக்கிகள் கம்பியில் உரசும் சத்தம் கேட்டது. பிள்ளைகளை யாரோ அதட்டினார்கள். பிறகு வெகுதூரத்தில், படத்தின் அறைத்தோழனுடைய குரல். "அண்ணை, இருக்கிறியளோ?" நான் எண்ணத் தொடங்கினேன். ஏழு தாண்டியது. பத்து.

"ஓம் தம்பி" என்றார் கனகர் ஐயா. "இருக்கிறன்."